என் பேரில் இருந்த வீடு

போன கிழமை எங்கள் வீட்டில் கேஸ் தீர்ந்துபோயிற்று. கடையில் சிலிண்டர் இல்லை. வரிசையில் நின்றாலும் நாளைக்கு வா, நாளையின்றைக்கு வா என்கிறார்கள். என் தங்கை மகள் சாந்தி எங்கிருந்தோ ஒரு மண்ணெண்ணெய் அடுப்பைத் தூக்கிக்கொண்டு வந்து குசினி மேசையில் வைத்தாள். அவளுக்கு அதை மூட்டத் தெரியவில்லை. திரியை வெட்டாமல் கொளுத்திவிட்டு, கரும்புகை கிளம்பியதும், "பெரியம்மா, இதுக்கு என்ன செய்யிற?" என்று கத்தினாள். நான் எழும்பிப் போய்த் திரியை இறக்கி, கத்தரிக்கோலால் நுனியை நேராக வெட்டி, மறுபடி கொளுத்திக் கொடுத்தேன். நீலச் சுவாலை வந்தது. அவளுக்கு ஆச்சரியம் தாங்கவில்லை. டீச்சராக இருந்தவளுக்குக் குசினி வேலை தெரியாது என்பது இந்த வீட்டில் பல வருடமாக நிலவுகிற நம்பிக்கை. நானும் அதை மறுத்ததில்லை. மறுத்தால் தேங்காய் துருவச் சொல்வார்கள்.

அந்த மணம் மூக்கில் ஏறியதும் எனக்கு வயது இருபத்து மூன்று ஆகிவிட்டது. மட்டக்களப்பு டவுனில், புளியந்தீவு வாவிக்கரையோரம், டோரா மிசியின் வீட்டுப் பக்கத்து அறையில், நானும் றோசலினும் புது அடுப்புக்கு முன்னால் குந்திக்கொண்டிருக்கிறோம். இருவர் சம்பளத்தையும் சேர்த்து வாங்கிய அடுப்பு. அடுப்பு வாங்கிய சந்தோஷத்தில் பானை வாங்க மறந்துவிட்டோம். அன்றைக்கு மிசியிடம் ஒரு கேத்தலை இரவல் வாங்கி அதில் சோறு காய்ச்சினோம். கேத்தலில் சமைத்தால் ஒரு வசதி, மூக்கு வழியாகக் கஞ்சியை வடித்துவிடலாம். சோற்றை வெளியே எடுப்பதுதான் பெரும்பாடு. கரண்டிக் காம்பால் கிண்டிக் கிண்டி எடுத்துச் சாப்பிட்டோம். அதைப்போல ருசியான சோறு பிறகு நான் சாப்பிட்டதில்லை என்று எழுத ஆசைதான். ஆனால் அது அடிப்பிடித்த சோறு, உப்பும் இல்லை.

நான் படுவான்கரைக்காரி. வாவிக்கு மேற்கே, பொழுது படுகிற பக்கம், வயலும் மாடும் உள்ள பக்கம். பள்ளிக்கூடம், கந்தோர், ஆஸ்பத்திரி, படமாளிகை எல்லாம் கிழக்கே எழுவான்கரையில். இரண்டுக்கும் நடுவில் தண்ணீர். மாரி காலத்தில் வாடைக்காற்று எழும்பினால் துறையில் தோணி விடமாட்டார்கள். டவுனில் டீச்சர் வேலை கிடைத்தபோது அதைச் சாட்டாகச் சொல்லித்தான் அங்கே தங்குவதற்கு அப்பாவிடம் அனுமதி வாங்கினேன். மாரி முடிந்தது, நான் திரும்பி வரவில்லை. கேட்டதற்கு, "அடுத்த மாரி வரும்தானே அப்பா" என்றேன். அவர் சிரித்துவிட்டு விட்டுவிட்டார். மூத்த பிள்ளையிடம் அவருக்கு அப்படி ஒரு இளக்கம் இருந்தது.

றோசலின் டவுனில் பிறந்தவள், கத்தோலிக்கப் பெண். தபாற்கந்தோரில் தொலைபேசிப் பலகைக்கு முன்னால் இருந்து வயர்களை இழுத்து இழுத்துச் சொருகுகிற வேலை அவளுக்கு. ஊர் முழுவதும் பேசுவது அவள் காதில் விழும், ஒரு சொல் வெளியே வராது. "இண்டைக்கு என்னடி விசேஷம்?" என்று நான் குடைந்தால், "கொழும்பில மழையாம்" என்பாள். எந்த நாளும் கொழும்பில் மழைதான். தகப்பன் இல்லாத பிள்ளை. அவர்களுக்கு இருந்த ஒரே வீடு அவளுடைய அக்காவுக்குப் போயிற்று. அக்காவுக்குப் பிள்ளைகள் பிறக்கப் பிறக்க றோசலினின் பாய் அறையிலிருந்து விறாந்தைக்கும், விறாந்தையிலிருந்து இன்னும் வெளியேயும் நகர்ந்தது. அப்படி நகர்ந்து நகர்ந்துதான் டோரா மிசியின் வீட்டுக்கு வந்து சேர்ந்ததாக அவளே சொல்லிச் சிரிப்பாள்.

டோரா மிசி பறங்கியர், போர்த்துக்கேயர் வழிவந்த குடும்பம். புருஷன் இறந்த பிறகு பக்கத்து அறையை எங்களுக்கு வாடகைக்கு விட்டிருந்தார். நல்ல மனிசி. காலையில் நாங்கள் புறப்படும்போது ஜன்னலால் எட்டி, எங்கள் சேலைக் கொய்யக மடிப்புச் சரியா என்று பார்ப்பார். சரியில்லை என்றால் தெருவில் வைத்தே சத்தம் போடுவார்.

வெள்ளிக்கிழமைகளைப் பற்றிச் சொல்ல வேண்டும். எனக்கு வெள்ளிக்கிழமை மரக்கறி. அவளுக்கு வெள்ளிக்கிழமை இறைச்சி கூடாது, மீன் கூடும். அடுப்போ ஒன்று. முதல் மாதம் இதற்காகவே சண்டை பிடித்தோம். என் சாமி பெரிதா உன் சாமி பெரிதா என்ற அளவுக்குப் போய், ஒரு நாள் முழுக்கப் பேசாமல் இருந்தோம். பிறகு அவளே ஒரு வழி கண்டுபிடித்தாள். பருப்பும் சொதியும் அடுப்பில் ஆகும். அவள் கருவாட்டுத் துண்டை மிசியின் விறகடுப்பில் சுட்டுக்கொண்டு, வாவிப் பக்கத்துப் படியில் போய் இருந்து, எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு சாப்பிடுவாள். "மணக்குதா கா?" என்று, எங்கள் பக்கத்துச் சிநேகிதிகள் கூப்பிடுகிற மாதிரி, அங்கேயிருந்து கேட்பாள். மணக்கும். வாயும் ஊறும். "இல்ல" என்பேன்.

பெரிதாக என்ன செய்தோம் என்று கேட்டால் சொல்வதற்கு ஒன்றும் இல்லை. சனிக்கிழமை பின்னேரம் கல்லடிப் பாலம் வரை நடப்போம். படம் பார்ப்போம். படத்தில் கதாநாயகி அழும்போது நான் அழுவேன், அவள் கச்சான் கடலை கொறிப்பாள். அறைக்கு வந்து கதவை உள்ளுக்குப் பூட்டுவோம். அந்தச் சத்தம் எனக்குப் பிடிக்கும். அதுவரை நான் எந்தக் கதவையும் உள்ளிருந்து பூட்டியவள் அல்ல. எங்கள் வீட்டில் கதவு பூட்டுவது அப்பாவின் வேலை.

இந்த இடத்தில் எங்கள் பக்கத்து வழக்கம் ஒன்றைச் சொல்லாவிட்டால் மிச்சம் விளங்காது. மட்டக்களப்பில் கலியாணம் முடித்த பெண் புருஷன் வீட்டுக்குப் போவதில்லை. புருஷன்தான் பெண் வீட்டுக்கு வருவான். வீடு பெண்ணுக்கு. தகப்பன் பாடுபட்டுக் கட்டி, மகள் பேரில் உறுதிப் பத்திரம் எழுதி, கலியாணம் முடிந்த கையோடு மற்றப் பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு அதே வளவுக்குள் ஒரு சின்னக் குடிசைக்கு எழும்பிப் போய்விடுவார். பிறகு அடுத்த மகளுக்கு அடுத்த வீடு. வெளியூர்க்காரர் கேட்டால், உங்கள் பெண்கள் ராணிகள் என்பார்கள். ராணிகள்தான். ஆனால் ராசா வந்து சேரும்வரை அரண்மனைப் பூட்டின் திறப்பு அப்பாவின் இடுப்பில் இருக்கும்.

எனக்கு அப்பா கல்வீடு கட்டினார். இரண்டு போக விளைச்சல் அதற்குள் போயிற்று. எனக்கு டீச்சர் வேலை கிடைத்ததுமே அதை என் பேருக்கு எழுதியும் விட்டார். படித்த மாப்பிள்ளை வருவான் என்று நம்பிக்கை. வந்தார்கள்தான். எல்லோரும் முதலில் வீட்டைச் சுற்றிப் பார்த்தார்கள். என்னைப் பிறகு பார்த்தார்கள்.

எங்கள் பள்ளிக்கூடத்தில் கணக்குப் படிப்பித்த ஒரு மாஸ்டர் இருந்தார். பள்ளி விட்டு வரும்போது சந்திவரை என்னோடு நடந்து வருவார். மெல்லிய குரல், வெள்ளை வேட்டியில் சோக்குத் தூள். எனக்கு அவரில் கொஞ்சம் விருப்பம் இருந்தது, இல்லையென்று சொல்லமாட்டேன். ஒரு நாள் நின்று, தொண்டையைச் செருமி, "டீச்சர், ஒண்டு கேக்கட்டா? உங்கட வீட்டு வாசல் கிழக்கா, வடக்கா?" என்றார். வடக்கு என்றேன். "கிணத்துத் தண்ணி உப்பில்லையே?" என்றார். இல்லை என்றேன். அடுத்ததாக என்னைப் பற்றி ஏதாவது கேட்பார் என்று நின்றேன். அவர் திருப்தியாகத் தலையாட்டிவிட்டுப் போய்விட்டார்.

அறைக்கு வந்து சொன்னபோது றோசலின் கட்டிலில் விழுந்து விழுந்து சிரித்தாள். "அந்தாள் கிணத்தையே கட்டட்டும் கா" என்றாள். கண்ணால் தண்ணீர் வரச் சிரித்தாள். அவள் சிரிப்பதைப் பார்த்துக்கொண்டு நின்றபோது எனக்கு ஒன்று தெளிவாகிவிட்டது. மாஸ்டர் வந்தாலும் வராவிட்டாலும் எனக்கு ஒன்றுமில்லை. எனக்கு இந்த அறைதான் வேண்டும், இவளோடுதான் இருக்க வேண்டும். அதற்கு என்ன பேர் என்று அன்றைக்கும் தெரியாது, இன்றைக்கும் தெரியாது. அன்பென்றால் அன்பு. அதை அவளிடம் சொல்லவில்லை. பக்கத்துக் கட்டிலில் படுத்திருக்கிறவளிடம் போய், எனக்கு உன்னோடு இருக்க விருப்பம் என்று யாராவது சொல்வார்களா? அவள்தான் இருக்கிறாளே, பிறகென்ன சொல்வது என்று நினைத்துவிட்டேன்.

அதற்குப் பிறகுதான் எனக்கு அந்த மகா புத்திசாலித்தனமான யோசனை வந்தது. மாப்பிள்ளைமார் வருவது வீட்டுக்கு. வீடு இல்லையென்றால் வரமாட்டார்கள். என் தங்கை பூமணிக்கு ஒரு நல்ல சம்பந்தம் கைக்குள் வந்து, அக்கா இருக்கத் தங்கைக்கு எப்படி என்று அம்மா அழுதுகொண்டிருந்த நேரம் அது. வீட்டைப் பூமணிக்கு எழுதிக் கொடுத்துவிட்டால் அவளுக்குக் கலியாணம், எனக்கு விடுதலை. ஒரு கல்லில் இரண்டு மாங்காய். இவ்வளவு நாளும் இது ஏன் யாருக்கும் தோன்றவில்லை என்று என் மூளையை நானே மெச்சிக்கொண்டேன்.

அடுத்த கிழமையே ஊருக்குப் போய் அப்பாவிடம் சொன்னேன். அவர் மாட்டுக்கு வைக்கோல் உதறிக்கொண்டிருந்தார்.

"வீட்டக் குடுத்திட்டு நீ எங்க புள்ள இரிப்ப?"

"டவுனில இரிப்பன் அப்பா."

"அது வாடக வீடெல்லவா?"

"எனக்குச் சம்பளம் இரிக்குத்தானே."

அவர் தோளில் கிடந்த துவாயால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, வைக்கோலை உதறத் தொடங்கினார். உதறிய வைக்கோலையே மறுபடி உதறினார். அது எனக்கு அன்றைக்குத் தெரியவில்லை, இப்போது நினைக்கும்போதுதான் தெரிகிறது.

டவுனில் உறுதி எழுதுகிற நொத்தாரிசு வீட்டில் வைத்துக் கையெழுத்துப் போட்டோம். பூமணி என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். நான் அழவில்லை. அவர்களைத் துறைக்கு அனுப்பிவிட்டு, கடையில் ஒரு பெட்டி லட்டு வாங்கிக்கொண்டு பறந்து வந்தேன். றோசலினுக்கு முன்கூட்டி ஒன்றும் சொல்லியிருக்கவில்லை. திடீரென்று சொல்லி அவளைத் துள்ள வைக்க வேண்டும் என்று ஆசை. அவள் குளித்துவிட்டு வந்து ஈரத்தலையைச் சீவிக்கொண்டிருந்தாள்.

"றோசி, வாயத் திற. இனி ஒருத்தனும் என்னைக் கேட்டு வரமாட்டான். வீட்டத் தங்கச்சிக்கு எழுதிக் குடுத்திட்டன்."

சீப்பு நின்றது. "எந்த வீட்ட?"

"எத்தின வீடு இரிக்கு எனக்கு? அந்த வீட்டத்தான். வளவு, கிணறு எல்லாம்."

"ஆரைக் கேட்டுக் குடுத்த?"

"என்ட வீடு. நான் ஆரைக் கேக்கிற?"

"அதத்தான் கா நானும் நினைச்சிருந்தன்" என்றாள் அவள். குரல் ஒரு மாதிரி இருந்தது. "உன்ட வீடு, நீ ஆரையும் கேக்கத் தேவல்ல எண்டு. எனக்கு வீடில்ல. இது மிசிட வீடு. மிசி போனா நாமளும் போகணும். உனக்கொரு வீடிரிக்கு, எப்பயாவது நீ வா எண்டு கூப்பிட்டா நான் வந்து இரிக்கலாம், அங்கயிருந்து ஆரும் என்னை எழும்பு எண்டு சொல்லேலா எண்டு இரிந்தன். தோணியில வேலைக்குப் போய் வந்தா என்ன, ஊராக்கள் போறாங்கதானே."

"நீ எனக்கிட்டச் சொல்லல்லயே றோசி."

"நீயும் சொல்லல்ல."

லட்டுப் பெட்டி கட்டிலில் கிடந்தது. அதை யாரும் தொடவில்லை. எறும்பு மொய்த்த பிறகு நான் கொண்டுபோய் வாவியில் கொட்டினேன்.

மகா புத்திசாலித்தனம் நன்றாகவே வேலை செய்தது. ஒரு மாதத்துக்குள் மாஸ்டர் வேறு பாதையால் நடக்கத் தொடங்கினார். வாசற்படலை தட்டிய தரகர்கள் எல்லாம் பூமணியின் கலியாணத்தோடு என்னை மறந்தார்கள். நான் ஆசைப்பட்டதெல்லாம் அப்படியே நடந்தது. யோசித்துப் பார்த்தால் என் வாழ்க்கையில் திட்டம் போட்டுச் சரியாக நடந்த காரியம் அது ஒன்றுதான்.

அதற்குப் பிறகும் நாங்கள் மூன்று நான்கு வருடம் அந்த அறையில் இருந்தோம். சந்தோஷமாகத்தான் இருந்தோம். ஆனால் அவள் அதைப் பற்றிப் பேசவே இல்லை, நானும் பேசவில்லை. பிறகு டோரா மிசியின் மகன் ஆஸ்திரேலியாவுக்குப் போவதென்று முடிவெடுத்து, தாயையும் கூட்டிக்கொண்டு போனான். வீடு விலைப்பட்டது. மிசி என்னையும் அவளையும் கட்டிப்பிடித்து அழுதார். வாங்கியவர் நல்லவர்தான், எழும்புவதற்கு மாதம் முடியும்வரை தவணை தந்தார்.

டவுனில் நாங்கள் ஏறி இறங்காத வீடில்லை. எல்லோரும் மரியாதையாகப் பேசுவார்கள், தேத்தண்ணி தருவார்கள், பிறகு ஒரே கேள்வி. "ரெண்டு புள்ளையளும் ஆருட பொறுப்பில இரிப்பீங்க?" எங்கள் பொறுப்பில்தான் என்பாள் றோசலின். அந்தப் பதிலோடு தேத்தண்ணி ஆறிவிடும். ஒரு வீட்டு அம்மா, நல்ல எண்ணத்தோடு, "ஒராள் கலியாணம் முடிச்சாலும் போதும், உடன திறப்பத் தாறன்" என்றார். வெளியே வந்து றோசலின் சிரிப்பாள் என்று அவள் முகத்தைப் பார்த்தேன். அவள் நிலத்தைப் பார்த்துக்கொண்டு நடந்தாள்.

அவள் கன்னியர் மடத்து விடுதிக்குப் போனாள். நான் தோணி ஏறிப் படுவான்கரைக்குப் போனேன். பூமணி வாசலில் நின்று, "வாங்கக்கா, உங்கட வீடுதானே" என்றாள். உண்மையான அன்போடுதான் சொன்னாள். உங்கட வீடுதானே என்று யாராவது சொன்னால் அது நம்முடைய வீடு இல்லை என்று விளங்கிக்கொள்ள நான் பெரிய படிப்புப் படிக்கத் தேவையில்லை. எனக்கு ஓர் அறை தந்தாள். அதில் அவள் புருஷன் நெல் மூடை அடுக்கியிருந்தார். அவற்றை எடுத்து விறாந்தையில் வைத்தார்கள். அதற்குப் பிறகு விறாந்தையால் நடக்கும்போதெல்லாம் அந்த மூடைகளிடம் மன்னிப்புக் கேட்க வேண்டும்போல இருக்கும்.

ஒரு வருடத்துக்குள் றோசலின் கலியாணம் முடித்தாள். வீடில்லாத பெண்ணையும் கட்டச் சம்மதித்தவர் ஒருவர் இருந்தார், றெயில்வேயில் வேலை, மனைவி இறந்தவர். அவருக்குக் குவாட்டர்ஸ் இருந்தது, அதனால் வீடு தேவைப்படவில்லை. அதிகம் பேசாத, சாதுவான மனிசன். முதலில் கல்குடாப் பக்கம் இருந்தார்கள், பிறகு மாற்றமாகி மாகோவுக்குப் போனார்கள். மாதா கோயிலில் கலியாணம் நடந்தபோது நான் மூன்றாவது வரிசை வாங்குப் பலகையில் இருந்தேன். வெளியே வந்ததும் என் காதருகே குனிந்து, "இந்தாள் கிணத்தப் பத்திக் கேக்கல்ல கா" என்றாள். அழுகை வந்துவிட்டது எனக்கு. சந்தோஷ அழுகை என்று எல்லோரும் நினைத்திருப்பார்கள்.

எழுபதுகளில், எந்த வருடமென்று நினைவில்லை, ஒரு நாள் பள்ளி விட்டு வரும்போது கன்னியர் மடத்து வாசலில் அவள் நின்றாள். வெள்ளைச் சேலை. மெலிந்திருந்தாள். புருஷன் இறந்து ஆறு மாதம், குவாட்டர்ஸை விடச் சொல்லிவிட்டார்கள், பிள்ளையும் இல்லை. இதையெல்லாம் அந்த வாசலில் நின்றபடியே, கொழும்பில் மழை என்று சொல்கிற மாதிரிச் சொன்னாள். பிறகு என் கையைப் பிடித்தாள்.

"கொஞ்ச நாளைக்கு உன்னோட வந்து இரிக்கட்டா?"

ஓம், வா என்றுதான் வாய் திறந்தேன், சத்தியமாக. அதற்குள் பூமணியின் முகம், அவள் புருஷனின் முகம், விறாந்தை மூடைகள், எல்லாம் வந்து நின்றன. என் வாயால் வந்தது வேறு.

"தங்கச்சிட்ட ஒரு சொல் கேட்டிட்டு நாளைக்கு வாறன் றோசி."

அவள் என் கையை விடவில்லை. இரண்டு தரம் தட்டிக்கொடுத்தாள். "கேளு கா, கேளு" என்றாள்.

பூமணி நான் சொல்லி முடிக்கவே விடவில்லை. "இதென்னக்கா கேள்வி? கையோட கூட்டிட்டு வந்திரிக்கலாமே" என்று என்னையே ஏசினாள். அவள் புருஷன் அப்போதே எழும்பி, நான் கேட்காமலே, என் அறையில் இன்னொரு கட்டில் போட இடம் அளந்தார். நல்ல மனிசர்கள். மறுநாள் முதல் தோணியில் போனேன். மடத்து வாசலில் ஒரு சிஸ்டர் பூக்கன்றுக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தார். "அவ காலம்பற றெயிலுக்குப் போயிட்டாவே" என்றார். எங்கே என்று அவருக்கும் தெரியவில்லை. நீர்கொழும்பில் சொந்தம் இருப்பதாகப் பிறகு யாரோ சொன்னார்கள். தேடிப் பார்த்தேன். அவள் கிடைக்கவில்லை, கிடைக்க விரும்பவில்லை என்று நினைக்கிறேன்.

டோரா மிசியின் வீட்டைச் சூறாவளி பிடுங்கிக்கொண்டு போயிற்று. அப்பா, அம்மா, பூமணி, அவள் புருஷன் எல்லோரும் போய்விட்டார்கள். தோணித்துறையில் இப்போது ஆளில்லை, பாலத்தால் வாகனம் ஓடுகிறது. தொலைபேசிப் பலகை என்று ஒன்று இருந்ததைச் சொன்னால் பிள்ளைகள் நம்புவதில்லை. வீடு சாந்தியின் பேரில் இருக்கிறது. வருகிற ஆவணியில் அவள் மகளுக்குக் கலியாணம், வீடு அந்தப் பிள்ளைக்குப் போகும். வளவின் பின்பக்கம் சாந்திக்குச் சின்ன வீடொன்று கட்டுகிறார்கள், அதில் எனக்கும் ஒரு மூலை உண்டு. எங்கள் வழக்கம் அது, நல்ல வழக்கம்தான், நான் குறை சொல்லவில்லை. றோசலின் உயிரோடு இருக்கிறாளோ இல்லையோ தெரியாது. இருந்து, இன்றைக்கு வந்து படலையில் நின்றாலும், நான் உள்ளே திரும்பி ஒருத்தரைக் கேட்டுவிட்டுத்தான் அவளை வா என்று சொல்ல வேண்டும்.